கட்டியங்காரனின் இடம்: டெல்லி கணேஷின் திரை, சின்னத்திரைப் பாத்திரங்களில் துணைத்தொழிலும் இளிவரலும்

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்த் திரைப்பட ஆய்வு பெரும்பாலும் கதைத்தலைவர், இயக்குநர், அரசியல் ஆகியவற்றை மையமாகக் கொண்டே வளர்ந்துள்ளது. குணச்சித்திர நடிகர் பற்றிய எழுத்து பேட்டி, நினைவஞ்சலி என்னும் அளவில் நின்றுவிடுகிறது. நானூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்த டெல்லி கணேஷின் (1944-2024) தேர்ந்தெடுத்த பாத்திரங்களை இக்கட்டுரை ஆராய்கிறது. அவர் ஏற்ற முக்கியப் பாத்திரங்கள் பலவும் பிறருக்குத் துணைநிற்கும் தொழில் செய்வோர் என்பதையும், அவற்றின் நடிப்பு தொல்காப்பியம் கூறும் இளிவரல் என்னும் மெய்ப்பாட்டின்மேல் அமைந்துள்ளது என்பதையும் இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. வடஆர்க்காட்டுத் தெருக்கூத்தின் கட்டியங்காரன் இதற்கான ஒப்பீட்டு அளவுகோலாகக் கொள்ளப்படுகிறான்.

திறவுச்சொற்கள்: குணச்சித்திர நடிப்பு, டெல்லி கணேஷ், தெருக்கூத்து, கட்டியங்காரன், மெய்ப்பாடு, இளிவரல், தொலைக்காட்சித் தொடர்.

முன்னுரை

கா. சிவத்தம்பி, சு. தியடோர் பாஸ்கரன் ஆகியோரின் நூல்கள் 1981இல் வெளிவந்தபின் தமிழ்த் திரைப்படம் ஆய்வுக்குரிய பொருள் என்னும் நிலையைப் பெற்றது. எம்.ஜி.ஆரின் பிம்பம் பற்றி எம்.எஸ்.எஸ். பாண்டியன் 1992இல் வெளியிட்ட நூல் அவ்வாய்வை மேலும் கூர்மைப்படுத்தியது. இவை எழுப்பிய வினாக்கள் திரைக்கும் அதிகாரத்திற்கும் உள்ள உறவைப் பற்றியவை. ஆதலின், அதிகாரத்தின் உருவமாகத் திரையில் நிற்கும் நாயகனே அவற்றின் மையமானான். நாயகனுக்கு எதிரே நின்று அவன் பேச வேண்டியதற்கு வினா தொடுப்பவரும், அவன் செயலின் விளைவைத் தம் முகத்தில் காட்டுபவரும் இவ்வாய்வு மரபில் பெரிதும் இடம்பெறவில்லை.

டெல்லி கணேஷ் 2024 நவம்பர் 9ஆம் நாள் இரவு சென்னையில் காலமானார். அதனையொட்டி வந்த அஞ்சலிக் குறிப்புகள் அவரது எளிமையையும் படங்களின் எண்ணிக்கையையும் போற்றின. எண்ணிக்கை ஒரு நடிகரின் உழைப்பைக் காட்டும்; கலையைக் காட்டாது. அவர் எத்தகைய மனிதர்களாக நடித்தார், அம்மனிதர்கள் கதையில் என்ன வேலை செய்தனர் என்னும் வினாக்களே திறனாய்வுக்குரியவை. இக்கட்டுரை அவ்விரண்டையும் எடுத்துக்கொள்கிறது.

சொல்லும் தகுதியும்

தமிழ்த் திரைத்துறையில் ‘துணை நடிகர்’ என்னும் சொல் இரு பொருளில் வழங்குகிறது. கூட்டத்தில் நிற்பவரையும் ஓரிரு சொல் பேசுபவரையும் அது குறிக்கும். கதையில் நிலையான இடம் பெற்ற நடிகரையும் குறிக்கும். பின்னவரை வேறுபடுத்தவே ‘குணச்சித்திர நடிகர்’ என்னும் தொடர் வழக்கில் உள்ளது. குணத்தைச் சித்திரமாகத் தீட்டுபவர் என விரியும் இத்தொடர், நாயகனுக்கு அவ்வேலை இல்லை என்பதையும் மறைமுகமாக ஒப்புக்கொள்கிறது. நாயகன் தன் பிம்பத்தைச் சுமக்கிறான். குணத்தைச் சுமப்பவர் வேறொருவர்.

இத்தகைய நடிப்பு நிறுவன அளவில் மதிப்புப் பெறுவதற்கும் காலம் பிடித்தது. தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகருக்கான பிரிவு 1984ஆம் ஆண்டுப் படங்களுக்கே முதன்முதலில் ஏற்படுத்தப்பட்டது. தமிழ்த் திரையில் பல்லாண்டுகள் துணைநடிப்பின் எல்லைகளை விரித்த நாகேஷுக்கு அவ்விருது ‘நம்மவர்’ (1994) படத்திற்காகவே கிடைத்தது. டெல்லி கணேஷின் மிக வலிய பாத்திரங்களுள் ஒன்று 1979இல் வந்தது. அந்த ஆண்டில் அவ்வகை நடிப்பைச் சுட்டத் தேசிய விருதுப் பட்டியலில் ஒரு பெயர்கூட இல்லை. பெயர் இல்லாதது திறனாய்விலும் பேசப்படாமல் போவது இயல்பே.

கட்டியங்காரன் என்னும் அளவுகோல்

இப்பெயரின்மையை ஈடுசெய்யத் தமிழ் நிகழ்த்துகலை மரபிலேயே ஒரு கருத்தாக்கம் உண்டு. விரிஞ்சிபுரம், ஆம்பூர் முதலிய பாலாற்றங்கரை ஊர்களை உள்ளடக்கிய பழைய வடஆர்க்காட்டு நிலப்பகுதி தெருக்கூத்து செழித்த களமாகும். கோடையில் திரௌபதி அம்மன் கோயில் விழாக்களையொட்டி இரவு முழுவதும் பாரதக் கூத்து நிகழும் மரபு இப்பகுதிக்கு உண்டு. அக்கூத்தில் முதலில் களத்திற்கு வருபவன் அரசன் அல்லன், கட்டியங்காரன். அவனே அரசனின் வருகையை அறிவிக்கிறான். திரைக்குப் பின்னிருந்து வெளிப்படும் வேடதாரியை யார், எந்த நாட்டவர் என வினவி, அவர் தம்மைத் தாமே கூறிக்கொள்ளச் செய்கிறான். தேவைப்படும்போது தூதனாகவும் வாயிற்காவலனாகவும் மாறுகிறான். புராணத்தின் நடுவே ஊர் நடப்பைப் பேசி அவையோரைச் சிரிக்க வைக்கிறான்.

கட்டியங்காரனின் பணிகளை மூன்றாகத் தொகுக்கலாம். பிறரை அறிமுகப்படுத்துதல் முதலாவது. அவர் பேசுவதற்கு வினா எடுத்துக்கொடுத்தல் இரண்டாவது. அரசனை எள்ளி, களத்திற்கும் அவைக்கும் இடையே நிற்றல் மூன்றாவது. முதலிரண்டும் சேவை; மூன்றாவது உரிமை. அரசவேடம் புனைந்தவரைக் கேலி செய்யும் உரிமை கூத்தில் அவனுக்கு உண்டு. தமிழ்த் திரைப்படம் குணச்சித்திர நடிகருக்கு முதலிரு பணிகளையும் தந்தது. மூன்றாவதைப் பெரும்பாலும் தரவில்லை. இவ்விழப்பின் பின்னணியில் வைத்தே டெல்லி கணேஷின் நடிப்பு மதிப்பிடத்தக்கது.

கலைவாழ்வு: சுருக்கம்

1944 ஆகஸ்ட் 1ஆம் நாள் வல்லநாட்டில் பிறந்த கணேசன், 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணியாற்றினார். டெல்லியில் வாழ்ந்த தமிழர்கள் நடத்திய தட்சிண பாரத நாடக சபாவின் மேடையில் நடித்தார். கே. பாலசந்தரின் ‘பட்டினப் பிரவேசம்’ (1977) வழியே திரைக்கு வந்தபோது அவ்வியக்குநரே அவர் பெயருடன் ‘டெல்லி’ என்பதைச் சேர்த்தார். விசுவின் மேடை நாடகத்தைத் தழுவிய அப்படம் சிற்றூர்க் குடும்பமொன்று பட்டணத்திற்குக் குடிபெயர்வதைப் பற்றியது. முதற்படத்தின் பொருளும் நடிகர் பெற்ற அடைமொழியும் ஒருங்கே பிழைப்பிற்காக ஊர்விட்டு ஊர் செல்வதைக் குறிப்பது கருதத்தக்கது.

ந. முத்துசாமி கூத்துப்பட்டறையைத் தொடங்கியதும் அதே 1977இல்தான். புரிசை கண்ணப்பத் தம்பிரானின் கூத்தால் ஈர்க்கப்பட்டு உருவான அவ்வமைப்பிலிருந்து பசுபதி, கலைராணி முதலியோர் பிற்காலத்தில் திரைக்கு வந்தனர். உடற்பயிற்சி சார்ந்த அவர்களது நடிப்பிற்கும், சபா மேடையின் உரையாடல் சார்ந்த டெல்லி கணேஷின் நடிப்பிற்கும் வேறுபாடு பெரிது. அவர் கூத்து மரபில் பயின்றவர் அல்லர். ஆகவே கட்டியங்காரனோடு அவரை ஒப்பிடுவது பயிற்சியை நோக்கியதன்று. கதைக்குள் வகிக்கும் இடத்தை நோக்கியது.

‘பசி’: உழைக்கும் உடல்

துரை இயக்கிய ‘பசி’ (1979) சென்னைக் குடிசைப்பகுதி மக்களின் வாழ்வைக் காட்டிய படம். குப்பை பொறுக்கும் பெண்ணாக நடித்த ஷோபா அதற்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றார். அவளது தந்தையாக, ரிக்‌ஷா ஓட்டும் தொழிலாளியாக நடித்த டெல்லி கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது.

இப்பாத்திரத்தின் தனித்தன்மை ‘ரிக்‌ஷாக்காரன்’ (1971) படத்துடன் ஒப்பிடும்போது தெளிவாகிறது. எம்.ஜி.ஆருக்குச் சிறந்த நடிகர் என்னும் தேசிய விருதைப் பெற்றுத்தந்த அப்படத்தில் ரிக்‌ஷா, நாயகனின் அறத்தையும் வலிமையையும் ஏற்றிச்செல்லும் ஊர்தி. உழைப்பு அங்கே களைப்பைத் தருவதில்லை; புகழைத் தருகிறது. எட்டு ஆண்டுகளுக்குப்பின் வந்த ‘பசி’யில் அதே தொழில் துணைநடிகரின் உடலில் ஏறும்போது அது வெறும் பிழைப்பாகிவிடுகிறது. நாள் முழுதும் உழைத்தும் வீட்டின் பசி தீர்வதில்லை. இரு படங்களுக்கும் இடையில், 1973இல், தமிழக அரசு மனிதரே இழுக்கும் கைரிக்‌ஷாவை ஒழித்தது. அச்சீர்திருத்தத்திற்குப் பின்னும் எஞ்சிய வறுமையைக் காட்டும் பொறுப்பு நாயக உடலுக்கு அன்றி, குணச்சித்திர உடலுக்கே வந்து சேர்ந்தது.

இங்கே தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் துணைசெய்கிறது. எண்வகை மெய்ப்பாடுகளுள் ஒன்றாகிய இளிவரலுக்கு மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என நான்கு நிலைக்களன்களைத் தொல்காப்பியர் சுட்டுவார். மென்மை என்பதற்கு நல்குரவு எனப் பொருள் கொள்வது உரைமரபு. இளிவரல் வெறும் இரக்கமன்று. தன்னைத் தானே தாழ்வாக உணரும் நிலையும் அதில் அடங்கும். ‘பசி’யின் தந்தை அழுகையைவிட இளிவரலாலேயே ஆனவர். மகளைக் காக்க இயலாமையும் காக்க வேண்டியவர் தாமே என்னும் உணர்வும் ஒருங்கே இருப்பதால், அவருக்குச் சினமும் முழுமையாக வாய்ப்பதில்லை. இப்பாதிச் சினமே பிற்காலத்தில் டெல்லி கணேஷின் நடிப்பில் மீண்டும் மீண்டும் வரும் கூறாயிற்று. குரல் உயரத் தொடங்கி, உயரும்போதே தயங்கி இறங்கும் அவரது உரையாடல் முறை இதன் ஒலிவடிவம் எனலாம்.

‘சிந்து பைரவி’: பக்கவாத்தியம்

கே. பாலசந்தரின் ‘சிந்து பைரவி’ (1985) படத்தில் டெல்லி கணேஷ் மிருதங்கக் கலைஞர் குருமூர்த்தியாக நடித்தார். கச்சேரிக்கு மது அருந்தி வந்த அவரை, சிவகுமார் ஏற்ற பாடகர் ஜே.கே.பி. மேடையிலிருந்து விலக்கிவிட்டு, மிருதங்கம் இல்லாமலேயே பாடுகிறார். பாடகரின் ஒழுக்கத்தையும் இசைவன்மையையும் நிறுவ அமைக்கப்பட்ட காட்சி இது.

இக்காட்சியைக் குருமூர்த்தியின் பக்கமிருந்து நோக்கினால் வேறு பொருள் கிடைக்கிறது. பக்கவாத்தியம் இல்லாமலும் கச்சேரி நடக்கும் என்பதே அவருக்கு விதிக்கப்பட்ட தண்டனை. குடித்ததற்கான கண்டனத்தைவிட, தாம் தேவையற்றவர் என்னும் அறிவிப்பே அவரை அவமதிக்கிறது. பின்னர் அதே மதுப்பழக்கத்தில் பாடகரும் வீழ்கிறார். பாடகரின் வீழ்ச்சிக்கும் மீட்சிக்கும் படத்தின் பெரும்பகுதி ஒதுக்கப்படுகிறது. பக்கவாத்தியக்காரரின் வீழ்ச்சிக்கு ஒரு காட்சி போதுமாகிறது. குற்றம் ஒன்றே, அதற்குக் கதை தரும் காலம் வேறு. கதைத்தலைவரின் வருகையைக் கட்டியங்காரன் முன்னறிவிப்பதுபோல, குருமூர்த்தி கதைத்தலைவரின் வீழ்ச்சியைத் தம் உடலால் முன்னறிவிக்கிறார். ஆனால் பின்னர் வீழ்ந்து நிற்பவரை எள்ளும் உரிமையைத் திரைக்கதை அவருக்கு வழங்கவில்லை.

குணச்சித்திர நடிகரின் தொழில்நிலையே இங்குப் பாத்திரமாகியிருக்கிறது. தம்மை நீக்கினாலும் நிகழ்ச்சி நடக்கும் என்று அறிந்தே ஒவ்வொரு நாளும் மேடைக்கு வருபவர் அவர். அவ்வறிவைத் தன்னிரக்கமாக மாற்றாமல் நடித்ததே டெல்லி கணேஷின் வெற்றி.

மொழிபெயர்ப்பாளர், சமையற்காரர், காரியதரிசி

துணைநிற்கும் தொழில்களின் வரிசை அதன்பின் நீள்கிறது. மணிரத்னத்தின் ‘நாயகன்’ (1987) படத்தில் வேலு நாயக்கரின் உடனிருக்கும் ஐயராக, இந்தி அறியாத தலைவருக்கும் பம்பாய்க்கும் இடையே நிற்கிறார். சிங்கீதம் சீனிவாசராவின் ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் கல்யாணச் சமையல் செய்யும் பாலக்காட்டு மணி ஐயர். கமல்ஹாசன் ஏற்ற நான்கு வேடங்களுள் காமேஸ்வரனை வளர்த்த தந்தை. கே.எஸ். ரவிக்குமாரின் ‘அவ்வை சண்முகி’ (1996) படத்தில் செல்வர் வீட்டுக் காரியதரிசி. ரிக்‌ஷா ஓட்டுநர் தொடங்கிக் காரியதரிசி வரை இவர்கள் அனைவரும் பிறரது பயணம், பாட்டு, பேச்சு, விருந்து, செல்வம் ஆகியவை நடைபெறத் தம் உழைப்பைத் தருபவர்கள்.

இவற்றுள் மணி ஐயர் பாத்திரம் விரிவாக நோக்கத்தக்கது. கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிடும் நகைச்சுவைப் பகுதியில் சிரிப்பு எங்கிருந்து பிறக்கிறது என்பது எளிய வினாவன்று. மீன் விழுந்தது தற்செயல். அதைச் சிரிப்பாக்குவது சமையற்காரரின் அச்சம். ஆசாரத்தை நம்பி அழைக்கப்படும் ஒருவருக்கு அச்சாம்பார் ஒருநாள் இழப்போடு முடிவதன்று. நற்பெயரையும் இனிவரும் அழைப்புகளையும் அது அழித்துவிடக்கூடும். டெல்லி கணேஷ் இவ்வச்சத்தை நகைச்சுவையாக நடிப்பதில்லை, அச்சமாகவே நடிக்கிறார். ஆகவே அவையோர்க்கு நகை தோன்றுகிறது. தொல்காப்பியர் நகைக்குரிய நிலைக்களன்களுள் எள்ளலையும் ஒன்றாக வைத்தார். ஒருவரது இளிவரல் மற்றவரது எள்ளலாக மாறும் இடமே இப்பகுதியின் அடித்தளம்.

கிரேசி மோகனின் உரையாடல் முறையும் இதில் பங்குகொள்கிறது. சொல்லை வேறு பொருளில் பிடித்துத் திருப்பும் அம்முறைக்கு, முதற்சொல்லை ஐயமின்றி, நேர்ப்பொருளில் சொல்பவர் ஒருவர் வேண்டும். தாம் சொல்வது சிரிப்பிற்குரியது என அவர் அறிந்ததாகக் காட்டிக்கொண்டால் அடுத்தவரின் விடை விழுந்துவிடும். கட்டியங்காரனின் ‘எடுத்துக்கொடுத்தல்’ இங்கு முழுமையாகச் செயற்படுகிறது. சிரிப்பின் கைதட்டல் விடை சொன்னவருக்குப் போகிறது. வினா எடுத்துத் தந்தவர் அதனை எதிர்பாராமல் அடுத்த வினாவிற்குச் செல்கிறார். ஆம்பூர், இராணிப்பேட்டைத் தொழிற்கூடங்களில் உருவாகும் காலணி வேறு நிறுவனங்களின் பெயரில் அயல்நாட்டுக் கடைகளுக்குச் செல்வதை அறிந்த வாசகர்க்கு இப்பெயர்மாற்றம் புதிதன்று.

வகைப்படுத்தலின் விலை

மேற்கூறிய வரிசையில் ஒரு மாற்றத்தையும் காணலாம். ‘பசி’யின் தந்தைக்குப்பின் உடலுழைப்பாளர் குறைந்து, நடுத்தர வர்க்கப் பிராமணப் பாத்திரங்கள் மேலோங்குகின்றன. விதிவிலக்குகள் உண்டு. ‘எங்கம்மா மகாராணி’யில் (1981) அவர் கதைத்தலைவராக நடித்தார். ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) படத்தில் கொடியவர் நால்வருள் ஒருவராகிய பிரான்சிஸ் அன்பரசு ஆனார். ‘தெனாலி’யில் (2000) பொறாமை கொண்ட மனநல மருத்துவராக வந்தார். எனினும் பொதுநினைவில் நிலைத்தது பேச்சுவழக்கால் அடையாளம் காணப்படும் ஐயர் உருவமே.

தமிழ்த் திரையில் வட்டார, சாதி வழக்குகள் பாத்திரத்தை விரைவாக அடையாளப்படுத்தும் கருவிகள். நாயகன் பொதுத்தமிழ் பேசலாம். குணச்சித்திர நடிகர் ஏதேனும் ஒரு வழக்கைப் பேசியாக வேண்டும் என்னும் எழுதாத விதி அங்கு உண்டு. ‘பசி’யில் சென்னைக் குடிசைப்பகுதி வழக்கையும் ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டு வழக்கையும் ஒரே நடிகர் பேச வல்லவராயிருந்தார். அத்திறனில் ஒரு பாதியையே திரைத்துறை தொடர்ந்து பயன்படுத்தியது. ஒரு நடிகர் ஒருவகைப் பாத்திரத்தில் சிறப்பதாலேயே அவர் அவ்வகைக்கு உரியவராகிவிடுகிறார் என்பது இதற்குக் கூறப்படும் விளக்கம். டெல்லி கணேஷைப் பொறுத்தவரை இவ்விளக்கம் போதாது. அவருக்கு முதலில் அரசுப் பரிசு பெற்றுத்தந்தது ரிக்‌ஷாத் தொழிலாளி வேடமே. சிறந்தது எதுவோ அது தொடரவில்லை. சந்தைக்கு எளியது எதுவோ அதுவே தொடர்ந்தது. இதனால் இழப்பு நடிகருக்கு மட்டுமன்று. உழைக்கும் மக்களின் தந்தையரைத் திரையில் காணும் வாய்ப்பையும் அவையோர் இழந்தனர்.

இதனை மறுத்து, ஒரே வகைக்குள் நுண்வேறுபாடு காட்டுவதே குணச்சித்திரக் கலையின் உயர்நிலை எனக் கூறலாம். அக்கூற்றில் உண்மை உண்டு. ‘நாயக’னின் ஐயரிடம் உள்ள எச்சரிக்கை வேறு, மணி ஐயரிடம் உள்ள பதற்றம் வேறு, சேதுராம ஐயரிடம் உள்ள சூழ்ச்சி வேறு. ஆனால் நடிகரின் நுண்மையைப் போற்றுவது, அந்நுண்மையை ஒரு வட்டத்திற்குள் அடைத்த துறையின் தேர்வுகளை நியாயப்படுத்தாது.

சின்னத்திரை: முகத்தின் காலம்

தனியார் தமிழ்த் தொலைக்காட்சியின் வளர்ச்சிக்குப்பின் ‘கஸ்தூரி’, ‘செல்லமே’ முதலிய தொடர்களில் டெல்லி கணேஷ் நடித்தார். நெடுந்தொடரின் அமைப்பு திரைப்படத்தினின்றும் வேறானது. நாள்தோறும் வீட்டிற்குள் நுழையும் அதில் நிகழ்ச்சிகள் குறைவு. நிகழ்ச்சிக்கு ஒவ்வொருவர் முகமும் காட்டும் எதிர்வினை மிகுதி. ஒரு செய்தி சொல்லப்பட்டதும் கேமரா அறையில் உள்ள அனைவரையும் அண்மைக்காட்சியில் தொட்டுச்செல்வது அதன் இலக்கணம்.

இவ்விலக்கணம் குணச்சித்திர நடிகருக்கு நன்மையும் தீமையும் ஆனது. திரைப்படம் தராத காலத்தைத் தொடர் தருகிறது; குருமூர்த்தியின் வீழ்ச்சிக்கு ஒரு காட்சியே கிடைத்தது, தொடரில் வரும் தந்தைக்கோ நூற்றுக்கணக்கான காட்சிகள் கிடைக்கின்றன. ஆயினும் அக்காலம் பெரும்பாலும் காத்திருப்பின் காலம். மகளின் துயரைக் கண்டு வருந்துவதே தந்தையின் செயலாகிறது. மூப்பும் வருத்தமும் ஆகிய இளிவரலின் நிலைக்களன்கள் இங்கு அன்றாடமாகின்றன. உரத்த பின்னணி இசையால் ஒவ்வோர் உணர்வும் அடிக்கோடிடப்படும் இவ்வடிவத்தில், குரலைத் தாழ்த்திப் பேசும் அவரது முறை தனித்து நின்றது. வீட்டில் பிற வேலைகளுக்கிடையே தொடரைக் காண்போர் திரையை நோக்காதபோதும் கேட்டு அறியத்தக்க குரல் அது. திரையரங்கிற்குச் செல்லாத மூத்தோரிடத்தும் அவர் அறிமுகமானமைக்கு இத்தொடர்கள் துணைநின்றன.

முடிவுரை

டெல்லி கணேஷின் முக்கியப் பாத்திரங்கள் துணைத்தொழில் செய்வோரின் வரிசையாக அமைந்துள்ளன. ரிக்‌ஷா ஓட்டுநர், மிருதங்கக் கலைஞர், மொழிபெயர்ப்பாளர், சமையற்காரர், காரியதரிசி ஆகியோர் கதைக்குள் செய்யும் வேலையையே நடிகர் படத்திற்குச் செய்கிறார். இவ்விரட்டைத் தன்மை அவரது நடிப்பிற்கு நம்பகத்தன்மை தருகிறது. அந்நடிப்பின் அடிப்படை மெய்ப்பாடு இளிவரல் என்பதும், அது சில இடங்களில் அவலமாகவும் சில இடங்களில் நகையாகவும் அவையோரைச் சென்றடைகிறது என்பதும் மேற்கண்ட ஆய்வால் புலனாகின்றன.

கட்டியங்காரனுடன் ஒப்பிடும்போது திரைப்படம் எதை எடுத்துக்கொண்டது, எதை விட்டுவிட்டது என்பதும் தெளிவாகிறது. கூத்துக் களத்தில் ஏவல் செய்பவனுக்கு எள்ளும் உரிமையும் இருந்தது. திரையில் ஏவல் நிலைத்தது. உரிமை நாயகனிடம் சென்று சேர்ந்தது. உரிமை இல்லாத அவ்விடத்தில், தயங்கும் குரலாலும் பாதியில் நிற்கும் சினத்தாலும் மறுப்பின் சாயலையாவது காத்துவந்தவர் டெல்லி கணேஷ். துணைநடிப்பின் வரலாறு எழுதப்படும்போது படங்களின் எண்ணிக்கையோடு இப்பாதிச் சினத்திற்கும் அதில் இடம் அளிக்கப்பட வேண்டும். அவ்வரலாறு எம்.எஸ். பாஸ்கர், கலைராணி, கு. மாரிமுத்து முதலிய நடிகர்களின் பாத்திரத் தொழில்களையும் இம்முறையில் தொகுத்து ஒப்பிடுமாயின், தமிழ்த் திரை யாருடைய உழைப்பைக் காட்டியது, யாருடையதை மறைத்தது என்னும் பெருவினாவிற்கு விடை காண வழி பிறக்கும்.